இடைக்கால உத்தரவுக்கு ‘சி’ கிடையாது

காலை பதினொன்று பதினேழுக்கு எண் மாறியது.

மயிலாப்பூரில் எங்கள் சீனியரின் அலுவலக அறையில் உட்கார்ந்து, உயர் நீதிமன்றத்தின் வழக்கு எண் பலகையைக் கைபேசியில் பார்த்துக்கொண்டிருந்தேன். எந்த அறையில் எத்தனையாவது வழக்கு நடக்கிறது என்று அதில் எண்கள் ஓடிக்கொண்டே இருக்கும். எங்கள் வழக்கு நாற்பத்து மூன்று. நாற்பத்து மூன்று வந்தது. கண்ணாடியைக் கழற்றித் துடைத்து மாட்டிக்கொண்டு மறுபடி பார்த்தால் நாற்பத்து நான்கு. ஒரு நிமிடம்கூட ஆகியிருக்காது. முப்பத்தொரு வருடம் வக்கீல் குமாஸ்தாவாக இருந்தவனுக்கு அதன் பொருள் தெரியும். ஒரு வழக்கு அவ்வளவு சீக்கிரம் நகர்ந்தால் ஒன்று வாய்தா போயிருக்க வேண்டும், இல்லையென்றால் முடிந்துபோயிருக்க வேண்டும். வாய்தா கேட்க அன்று யாருக்கும் காரணம் இல்லை.

அந்த வழக்கில் மனுதாரர் என் மகள்.

அப்போது நான் வேலையில் இருந்தேன்; இப்போது ஓய்வு பெற்று ஐந்து மாதம் ஆகிறது. வயது ஐம்பத்தேழு. சீனியர் தொழிலை முடித்துக்கொண்டு அலுவலகத்தை மூடியபோது நானும் சாவியை ஒப்படைத்துவிட்டேன். “அந்த ‘சி’ விஷயத்தை எழுதுங்கண்ணே, பசங்களுக்கு உபயோகமா இருக்கும்” என்று எங்கள் வக்கீல் குமாஸ்தா சங்கத்தின் மலரை நடத்தும் இளையவர்கள் கேட்டார்கள். கதையாக அரையும் குறையுமாகக் கேள்விப்பட்டிருக்கிறார்கள். நான் முழுதாக எழுதுகிறேன். இதில் என் தவறு இருக்கிறது. அதை விட்டுவிட்டு எழுதினால் யாருக்கும் பிரயோசனம் இல்லை.

படித்தது பி.காம். தென்காசிப் பக்கத்திலிருந்து வந்து ஈக்காட்டுத்தாங்கலில் ஒரு பட்டறையில் பில் எழுதிக்கொண்டிருந்தேன். பட்டறை முதலாளியின் வழக்குக்குக் காகிதம் கொண்டுவந்து கொடுக்கப் போன இடத்தில் சீனியர் என் கையெழுத்தைப் பார்த்து, “இங்கே வந்துடறியா?” என்றார். வந்துவிட்டேன். முதல் மூன்று வருடம் வழக்குக் காகிதங்களைக் கட்டாகக் கட்டினேன், நீதிமன்றக் கட்டண வில்லை ஒட்டினேன், பதிவுத் துறையில் வரிசையில் நின்றேன். எல்லா குமாஸ்தாவும் செய்ததுதான். அதை விரித்து எழுத ஒன்றும் இல்லை.

சீனியரை நாங்கள் மேடம் என்றுதான் சொல்வோம். மாட வீதிக்குப் பின்புறம் அவர்கள் வீட்டின் முன்பாதிதான் அலுவலகம். எந்தக் காகிதத்தையும் வரிக்குக் கீழே அடிஸ்கேலை வைத்துத்தான் படிப்பார். குரல் உயர்ந்து நான் கேட்டதில்லை. கோபம் வந்தால் ‘நீ’ என்பது ‘நீங்கள்’ ஆகிவிடும். “முருகேசன், நீங்கள் கொஞ்சம் இப்படி வாங்கோ” என்றால் அன்று மதியச் சாப்பாடு இறங்காது.

அவருக்குப் பிடிக்காத ஒரே சட்டச் சொல் ‘இன்ஃப்ரக்சுவஸ்’. புதிதாக வருகிறவர்களுக்காகச் சொல்கிறேன். ஒரு காரியத்தைச் செய் என்று நீதிமன்றம் உத்தரவு போடுகிறது. எதிர்த்தரப்பு அதைச் செய்துவிடுகிறது. அதற்குப் பிறகு அந்த மனுவில் கேட்பதற்கு ஒன்றும் மிச்சம் இல்லை. இனி இந்த மனுவால் பயன் இல்லை என்று சொல்லித் தள்ளுபடி செய்துவிடுவார்கள். அந்தச் சொல்லுக்கு அதுதான் அர்த்தம்.

“கேட்டது கெடைச்சிருக்கு. அப்புறம் எப்படிடா பயனில்லாமப் போகும்?” என்பார் மேடம். “உத்தரவு நிறைவேறினதைப் பதிவு பண்ணி மனுவை முடிச்சுக்கறோம்னு சொல்லு. ரெண்டும் முடிஞ்சுபோறதுதான். ஆனா அதுல நாம ஏன் வந்தோம், என்ன வாங்கிண்டு போனோம்னு எழுத்துல இருக்கும். தள்ளுபடியில அது ஒண்ணுமே இருக்காது.”

அதனால் எங்கள் அலுவலகத்தில் ஒரு பழக்கம் வைத்திருந்தோம். உத்தரவு நிறைவேறிய வழக்கின் கட்டில், மேல் மடிப்பில், சிவப்புப் பென்சிலால் ‘சி’ என்ற ஆங்கில எழுத்தைப் போட்டுத் தேதி எழுதுவேன். ‘கம்ப்ளைட்’, அதாவது நிறைவேறியது, என்பதற்கு அடையாளம். கட்டை எடுக்கும் ஜூனியர் அதைப் பார்த்ததும், சொன்னது நடந்துவிட்டது, முடித்துக்கொள்ளலாம் என்று தெரிந்துகொள்வார். அந்த எழுத்தைப் போடும் அதிகாரம் என் ஒருவனுக்குத்தான். இரண்டு நிபந்தனைகள். நேரில் போய்ப் பார்க்காமல் போடக் கூடாது. இடைக்கால உத்தரவுக்குப் போடவே கூடாது.

முதல் நிபந்தனை எப்படி வந்தது என்று சொல்ல வேண்டும். அடையாறில் ஓர் அரசு அலுவலகம். வாசலில் ஏழு படி. சக்கர நாற்காலியில் வரும் பத்திர எழுத்தர் ஒருவர் தினமும் இரண்டு பேரைக் கூப்பிட்டுத் தூக்கச் சொல்லித்தான் உள்ளே போக வேண்டியிருந்தது. சாய்தளம் கட்டச் சொல்லி உத்தரவு வாங்கினோம். கட்டவில்லை. அவமதிப்பு மனு போட்டோம். விசாரணைக்கு முந்தின நாள் புகைப்படத்தோடு கடிதம் வந்தது, கட்டியாகிவிட்டது என்று. ஜூனியர் மனுவை முடித்துக்கொள்ளத் தயாராக இருந்தார். மேடம் படத்தின் மேலும் ஸ்கேலை வைத்துப் பார்த்தார்.

“முருகேசா, ஒரு நடை போய்ப் பார்த்துட்டு வந்துடேன்.”

டேப்பை எடுத்துக்கொண்டு போனேன். சாய்தளம் இருந்தது. ஏழு படி உயரத்துக்கு ஆறடி நீளம்தான் இருந்தது. வாசலில் நின்ற காவலாளியிடம், இதில் யாராவது ஏறியிருக்கிறார்களா என்று கேட்டேன்.

“ஏறவா? இஸ்கூல் பசங்க வந்து சறுக்கிகினு கீதுங்க சார். நான்தான் காலைலேந்து தொரத்திகினு கீறேன்.”

அளவுகளையும், காவலாளி சொன்னதையும் ஒரு தாளில் எழுதிக் கொடுத்தேன். மறுநாள் மேடம் அதை அப்படியே நீதிமன்றத்தில் படித்தார். நீதிபதி சிரித்தார். பிறகு சிரிப்பை நிறுத்திவிட்டு இரண்டு வாரம் கொடுத்தார். மூன்றாம் முறை நான் போனபோது பத்திர எழுத்தரையும் கூட்டிக்கொண்டு போனேன். யார் கையும் படாமல் தானே சக்கரத்தை உருட்டி மேலே போய், திரும்பி என்னைப் பார்த்து, “அண்ணாச்சி, காப்பி வாங்கித் தாரேன், மேல வாங்க” என்றார். அன்றைக்குத்தான் அந்த வழக்குக் கட்டில் ‘சி’ போட்டேன். அதிலிருந்து ரேஷன் கார்டு என்றால் கார்டைக் கையில் வாங்கிப் பார்ப்பேன். குடிநீர் இணைப்பு என்றால் குழாயைத் திறந்து பார்ப்பேன். என் ‘சி’யை நம்பி மேடம் எத்தனையோ நீதிபதிகள் முன்னால் நின்றிருக்கிறார். என் மகள் வழக்கு வரும்வரை அது ஒருநாளும் அவரைத் தலைகுனிய வைத்ததில்லை. இதை எழுத எனக்குக் கூச்சமாக இல்லை.

இரண்டாவது நிபந்தனையை மேடம் ஒரே வாக்கியத்தில் சொல்லிக் கொடுத்தார். “இரவல் நகையைப் போட்டுண்டு கல்யாணம் பண்ணிண்டா கல்யாணம் ஆயிடும், நகை உன்னோடதாயிடாது.” இடைக்கால உத்தரவு இரவல். வழக்கு இருக்கும்வரைதான் அதற்கு உயிர். வழக்கு தள்ளுபடி ஆனால் அதுவும் போய்விடும், அதை வைத்து வாங்கியதும் போய்விடும். இடைக்கால உத்தரவை எதிர்த்தரப்பு மதித்து நடந்த உடனே ‘இன்ஃப்ரக்சுவஸ்’ என்று தலையாட்டினால், இரவல் கொடுத்தவர் வாசலில் வந்து நிற்பார். இதைப் புதிய ஜூனியர்களுக்கு நானே எத்தனையோ முறை சொல்லியிருக்கிறேன்.

இனி என் மகள்.

நிவேதா பிசியோதெரபி கடைசி வருடம் படித்துக்கொண்டிருந்தாள். நடுவில் மஞ்சள் காமாலை வந்து ஐந்து வாரம் படுத்துவிட்டாள். வருகைப் பதிவு குறைந்தது. மருத்துவச் சான்றை உரிய நாளுக்குள் கல்லூரியில் கொடுத்தால், அவர்கள் அதைப் பல்கலைக்கழகத்துக்கு அனுப்பி வருகைக் குறைவுக்குத் தளர்வு வாங்கித் தர வேண்டும். விதி அப்படி. சான்றை அவளே கொண்டுபோய்க் கொடுத்தாள். கையெழுத்து வாங்கினாயா என்று கேட்டேன். “கவுன்டர்ல குடுத்துட்டேம்ப்பா, அவங்க எழுதி வெச்சுக்கிட்டாங்க” என்றாள். ஊராருக்கெல்லாம் ரசீது வாங்கிக் கொடுத்தவன் மகள் ரசீது இல்லாமல் வந்து நின்றாள். அன்றே நான் போயிருக்க வேண்டும். போகவில்லை.

தேர்வுக்கு ஒன்பது நாள் இருக்கும்போது ஹால் டிக்கெட் கிடையாது என்றார்கள். சான்று எதுவும் வரவில்லை என்றார்கள். மேடத்தின் அலுவலகத்திலிருந்தே மனு போட்டோம். ஆஜரானவர் எங்கள் ஜூனியர் தினேஷ், நல்ல பையன். இடைக்கால உத்தரவு கிடைத்தது: தேர்வு எழுதலாம், ஆனால் வழக்கு முடியும்வரை அவள் முடிவை வெளியிடக் கூடாது. கல்லூரி உத்தரவை மதித்து அவளை எழுத விட்டது.

கடைசித் தேர்வு முடிந்த அன்று நேராக அலுவலகத்துக்கு வந்தாள். முகம் கறுத்து, உதடு காய்ந்து, ஹால் டிக்கெட்டை என் மேஜையில் வைத்து, “எல்லாம் முடிஞ்சுதுப்பா” என்றாள். அவளுக்கு மோர் வாங்கிவரச் சொன்னேன். ஹால் டிக்கெட்டை அவள் கட்டில் சேர்த்துக் கட்டினேன். சிவப்புப் பென்சிலை எடுத்தேன். மேல் மடிப்பில் ‘சி’ போட்டேன். கீழே தேதி எழுதினேன்.

எந்த யோசனையும் இல்லாமல் என் கை செய்த காரியம் அது.

கடைசி வருடங்களில் எல்லாக் கட்டையும் ஸ்கேன் செய்து கணினியில் ஏற்றிக்கொண்டிருந்தோம். மேல் மடிப்பும் முதல் பக்கமாக ஏறிவிட்டது. மூன்று மாதம் கழித்து, ஒரே காலையில் பதினோரு வழக்குகளோடு நின்றுகொண்டிருந்த தினேஷின் கையடக்கக் கணினியில் நாற்பத்து மூன்றாவது வழக்கின் முதல் பக்கம் திறந்தது. அதில் என் ‘சி’ இருந்தது. கல்லூரி வக்கீல் எழுந்து, உத்தரவை மதித்துத் தேர்வு எழுத விட்டுவிட்டோம், இனி இந்த மனு இன்ஃப்ரக்சுவஸ் என்றார். நீதிபதி தினேஷைப் பார்த்தார். தினேஷ் ஆமாம் என்றார்.

பதினொன்றரைக்கு போன் வந்தது. “அண்ணே, நம்ம பாப்பா கேஸ் முடிஞ்சுதுண்ணே. இன்ஃப்ரக்சுவஸ்னு ரெக்கார்டு பண்ணிட்டாங்க. ஸ்வீட் எப்போ?”

“தள்ளுபடின்னு சொன்னாங்களா, பதிவு பண்ணி முடிக்கிறோம்னு சொன்னாங்களா?”

“தள்ளுபடின்னுதான்… ஏண்ணே? நீங்கதானே ‘சி’ போட்டிருந்தீங்க?”

“அது இடைக்கால உத்தரவுக்குப் போட்டது தினேஷ்” என்று சொல்லி போனை வைத்தேன்.  அவருக்கும் அப்போதுதான் உறைத்திருக்க வேண்டும்.

பக்கத்து அறைக்குப் போனேன். மேடம் ஒரு கட்டைப் படித்துக்கொண்டிருந்தார். நான் நின்ற விதத்தைப் பார்த்தே ஸ்கேலை எடுத்துப் பக்கத்துக்கு அடையாளமாக வைத்து மூடினார். சொன்னேன். ‘நீங்கள்’ வரும் என்று காத்திருந்தேன்.

“நீ மொதல்ல உட்காரு” என்றார். “முடிவு வரலைன்னா என்ன ஆகும் அவளுக்கு?”

“வர்ற திங்கக்கிழமை பயிற்சி ஆரம்பிக்குது மேடம். முடிவு வந்தவங்களுக்குத்தான் இடம். வழக்கே போயிட்டதால எழுதினதும் செல்லாது. கடைசி வருஷம் மறுபடி.”

“திங்கக்கிழமையா. சரி. தினேஷை ரெண்டேகாலுக்குக் கோர்ட் மறுபடி உட்கார்ந்ததும் போய், தவறுதலா ஆயிடுத்துன்னு வாயால சொல்லச் சொல்லு. உத்தரவுல கையெழுத்து ஆறதுக்குள்ள சொல்லணும். தள்ளுபடியைத் திரும்பப் பெறச் சொல்லி நாம மனு எழுதுவோம்.”

தினேஷ் மதியம் சொன்னார். அஃபிடவிட்டோடு மனு தாக்கல் செய்யுங்கள், வெள்ளிக்கிழமை பார்க்கிறேன் என்றார் நீதிபதி. நான்கு மணிக்குத் தினேஷ் மயிலாப்பூர் வந்து சேர்ந்தார். சட்டைக் காலர் முழுக்க வியர்வை. உட்காரச் சொன்னாலும் உட்காரவில்லை.

“அண்ணே, என் தப்புண்ணே. நான் உள்ள பொரட்டிப் பார்த்திருக்கணும். அஃபிடவிட்ல, வழக்கமா போடற மாதிரி, கட்டு வேற கட்டோட கலந்துடுச்சுன்னு போட்டுடலாம். யார் பேரும் கெடாது.”

அந்த வரியை நம்மில் யார் தட்டச்சு செய்யாதவர்? கட்டு கலந்துவிட்டது, குமாஸ்தா காய்ச்சலில் படுத்துவிட்டார், தேதி தவறாகக் குறிக்கப்பட்டது. எனக்கே அந்த அஃபிடவிட்டுகளில் பல முறை காய்ச்சல் வந்திருக்கிறது.

மேடம் கேட்டார். “தினேஷ், கட்டு கலந்துதா?”

“இல்ல மேடம்.”

“அப்புறம் நீ ஏன் கலக்கறே?”

அஃபிடவிட் என் பெயரில் என்று முடிவாயிற்று. மேடம் சொல்லச் சொல்ல நானே அடித்தேன். நான் மனுதாரரின் தந்தை, இதே அலுவலகத்தில் முப்பத்தொரு வருடக் குமாஸ்தா, ‘சி’ என்றால் என்ன, அதை எப்போது போடுவோம் எல்லாம் எழுதியாயிற்று. அடுத்த வரியை நானாக அடித்தேன்: இடைக்கால உத்தரவை இறுதி உத்தரவென்று தவறாகக் கருதி. மேடம் எட்டிப் பார்த்தார்.

“நீ அப்படிக் கருதலையே. உனக்கு வித்தியாசம் தெரியும். பின்னே ஏன் போட்டே?”

“அவ வந்து நின்னா மேடம். பரிட்சை எழுதிட்டாங்கற சந்தோஷத்துல போட்டுட்டேன்.”

“அதை எழுது.”

எழுதினேன். மகள் தேர்வை முடித்துவிட்ட மகிழ்ச்சியில், அலுவலக விதியை மறந்து அந்த எழுத்தைப் போட்டேன் என்று. ஆங்கிலத்தில் அந்த வரி இன்னும் விசித்திரமாக இருந்தது. கீழே கையெழுத்துப் போட்டேன்.

அசோக் நகரில் வீட்டுக்குப் போனபோது ஏழு மணி. என் மனைவி கோமதி போனிலேயே கேட்டுத் தெரிந்துகொண்டுவிட்டாள். கதவைத் திறந்து, “நீங்களே சொல்லுங்க, நான் சொல்ல மாட்டேன்” என்று மட்டும் சொல்லிவிட்டு உள்ளே போனாள். நிவேதா இட்லி சாப்பிட்டுக்கொண்டிருந்தாள். எதிரில் உட்கார்ந்து எல்லாவற்றையும் சொன்னேன். வழக்கு தள்ளுபடி ஆனதை, அதற்கு என்ன அர்த்தம் என்பதை, திங்கட்கிழமையை.

“யாருப்பா தப்பு பண்ணது? தினேஷ் அண்ணாவா?”

“நான்.”

கையைத் தட்டிலேயே வைத்தபடி என்னைப் பார்த்தாள். “நீயாப்பா? உங்க ஆபீஸ்ல தப்பே நடக்காதுன்னு வாரத்துக்கு ஒரு தடவ சொல்வ.”

“நடந்துடுச்சும்மா.”

“நான் தியரி பேப்பருக்குத்தான் பயந்தேன். உன் பென்சிலுக்குப் பயப்படணும்னு யாருமே சொல்லல.” தட்டைத் தூக்கிக்கொண்டு எழுந்துபோனாள். சிறிது நேரத்தில் திரும்பி வந்து, “வெள்ளிக்கிழம நானும் வரேன்” என்றாள்.

அந்த நான்கு நாளைப் பற்றி எழுத ஒன்றும் இல்லை. அதோடு விடுகிறேன்.

வெள்ளிக்கிழமை காலை நீதிமன்றத் தாழ்வாரத்தில் எத்திராஜ் பிடித்துக்கொண்டார். வேறொரு அலுவலகத்தின் குமாஸ்தா, என் வயது, இருபது வருடப் பழக்கம். நாலு பேர் இருக்கும்போதுதான் கிண்டல் செய்வார்.

“இன்னா முருகேசா, அஃபிடவிட்ல உண்மைய எழுதிக்கிறியாமே? ரெஜிஸ்ட்ரில பசங்க கூடி நின்னு படிச்சிகினு கீறானுங்க. சந்தோசத்துல போட்டாராம். கட்டு கலந்துட்ச்சினு ஒரு வரி போட்டுட்டுப் போவாம, இன்னா நைனா நீ.”

“கலக்கலையே எத்திராஜ்.”

“இந்த பில்டிங்குலயே மொத உண்மையான குமாஸ்தா அஃபிடவிட் இதான்யா. ஃபிரேம் போட்டு மாட்டணும்.” பிறகு பக்கத்தில் நின்ற நிவேதாவைப் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். “பாப்பாவா? பயப்படாதம்மா. நல்ல ஜட்ஜு. உங்கப்பன மாதிரியே பொறுமையா படிப்பாரு.”

எங்கள் மனு வந்தது. கல்லூரி வக்கீல் எழுந்தார். அஃபிடவிட் போட்டவர் குமாஸ்தா மட்டும் இல்லை, மனுதாரரின் அப்பாவும்கூட, மகளுக்காக எதையும் சொல்வார் என்றார். அவர் சொன்னதில் தவறில்லை. அவருக்குக் குமாஸ்தாவாக நான் இருந்திருந்தால் அதைத்தான் குறித்துக் கொடுத்திருப்பேன்.

நீதிபதி அஃபிடவிட்டைக் கீழே வைத்துவிட்டுத் தமிழில் கேட்டார். “அந்த ‘சி’ போட்டவர் வந்திருக்காரா?”

பின்வரிசையில் எழுந்து நின்றேன். முப்பத்தொரு வருடத்தில் அந்த அறைகளில் எத்தனையோ ஆயிரம் மணி நேரம் நின்றிருக்கிறேன். ஒரு நீதிபதி என்னைப் பார்த்துப் பேசியது அதுதான் முதல் தடவை.

“மகிழ்ச்சியில தப்பு பண்ணினேன்னு எழுதியிருக்கீங்க. யார் சொல்லி எழுதினீங்க?”

“நடந்தது அதுதாங்கய்யா. எங்க மேடம் நடந்ததை எழுதச் சொன்னாங்க.”

மேடத்தின் பெயரைக் கேட்டுவிட்டுத் தலையசைத்தார். தன் சொந்த மகள் வழக்கில் தன் தவறைத் தானே சத்தியம் செய்து சொல்கிறவரை நம்பாமல் இருக்கக் காரணம் இல்லை என்று சொல்லி, தள்ளுபடி உத்தரவைத் திரும்பப் பெற்றார். வழக்குக்கு மறுபடி உயிர் வந்தது. அந்த வாக்கியத்தின் நகல் என்னிடம் இருக்கிறது. கோமதி அதைப் பூஜை அலமாரியில் வைக்கப் போனாள், நான்தான் வேண்டாம் என்றேன்.

ஆனால் அதோடு முடியவில்லை. நீதிபதி அன்றே வழக்கைக் கேட்டு முடிக்கத் தயாராக இருந்தார். கேள்வி ஒன்றுதான். மருத்துவச் சான்று உரிய நாளுக்குள் கல்லூரிக்கு வந்ததா? வரவில்லை என்றார் கல்லூரி வக்கீல். வந்திருந்தால் தளர்வு தர எங்களுக்கு ஆட்சேபம் இல்லை, எங்களுக்கு எதுவும் வந்து சேரவில்லை என்றார் பல்கலைக்கழக வக்கீல்.

“கல்லூரித் தபால் பதிவேட்டோட பொறுப்பான ஒருத்தர் ரெண்டேகாலுக்கு வரட்டும்” என்றார் நீதிபதி. “பதிவேட்டில் இருந்தா இன்னைக்கே உத்தரவு. இல்லைன்னா இந்தப் பெண்ணுக்காக நான் வருத்தப்படலாம், வேற ஒண்ணும் செய்ய முடியாது.”

மதியம் நிவேதா எதுவும் சாப்பிடவில்லை. தினேஷ் வாங்கிவந்த தயிர்சாதப் பொட்டலத்தை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள்.

“அப்பா, அவங்க எழுதின மாதிரிதான் இருந்துச்சு. கையில பேனா இருந்துச்சு. ஆனா எழுதினாங்களா, சும்மா வெச்சிருந்தாங்களான்னு இப்போ எனக்கே தெரியலப்பா.”

பதிவேட்டைக் கொண்டுவரப் போவது கல்லூரி. வருகிறவர் கல்லூரியில் சம்பளம் வாங்குகிறவர். ஒரு வரி இல்லை என்று சொல்வதற்கு எவ்வளவு நேரம் ஆகும்?

இரண்டேகாலுக்கு யாரும் வரவில்லை. கல்லூரி வக்கீல், ஆள் கிளம்பிவிட்டார், கிண்டியிலிருந்து வர வேண்டும் என்றார். வழக்கைத் தள்ளிவைத்து அடுத்ததை எடுத்தார்கள். இரண்டரைக்கு மறுபடி கூப்பிட்டார்கள். வரவில்லை. இனி ஒரு முறைதான் கூப்பிடச் சொல்வேன் என்றார் நீதிபதி.

இரண்டு ஐம்பதுக்குக் கதவருகே சலசலப்புக் கேட்டது. துணிக்கடைக் கட்டைப்பையை மார்போடு அணைத்துக்கொண்டு ஓர் அம்மாள் வாசலில் நின்ற டபேதாரிடம் ஏதோ சொல்லிக்கொண்டிருந்தார். நாற்பத்தைந்து வயது இருக்கும். புடவைத் தலைப்பால் முகத்தைத் துடைத்துக்கொண்டே உள்ளே வந்தார். நிவேதா என் கையைப் பிடித்தாள்.

“அப்பா, கவுன்டர்ல சான்று வாங்கினது இந்த அக்காதான்.”

கல்லூரி வக்கீல் எழுந்து பாதி வழிவரை போய் அவரிடம் பேச முயன்றார். நீதிபதி, “அவங்க நேரா இங்க வரட்டும்” என்றார். அந்த அம்மாள் முன்னால் வந்து, எங்கே நிற்பது என்று தெரியாமல் இரண்டு வக்கீல்களுக்கும் நடுவில் நின்றார். பையிலிருந்து நீளமான பதிவேட்டை எடுத்து, ஏற்கெனவே தாள் வைத்து அடையாளம் செய்திருந்த பக்கத்தைத் திறந்து மேஜையில் வைத்தார்.

“ஐயா, தபால் செக்‌ஷன்ல நான்தான் இருக்கேன். இந்தப் பக்கத்துல பதினாலாவது வரி பாருங்கய்யா. பொண்ணு கொடுத்துச்சு, நான் வாங்குனேன், கையெழுத்து என்னுது. அன்னைக்கு ஆய்வுக் குழு வருதுன்னு மேஜை மேல இருந்ததையெல்லாம் அள்ளி பீரோவுல வெச்சோம். அதோட இதுவும் போயிருச்சு. நான் திரும்ப எடுத்துப் பாக்கலை.”

“சான்றிதழ் இப்போ எங்கே இருக்கு?” என்று கேட்டார் நீதிபதி.

அவர் பைக்குள் கைவிட்டு ஒரு பழுப்பு உறையை எடுத்தார்.

“இந்தாங்கய்யா. பிரிக்கக்கூட இல்லை. இதைத் தேடி எடுக்கத்தான் நேரமாயிருச்சு. இவங்க வரலைன்னு சொல்லியிருந்தா, அது தெரியாம சொன்னதுங்கய்யா. வந்துச்சு. என் கையிலதான் வந்துச்சு.”